ஒரே லாரியில் இரண்டு சம்பந்திகள்

தப்பாக எடுத்துக்கொள்ள மாட்டீர்கள் என்றால் ஒன்று கேட்கட்டுமா சார்? பஸ் ஏறியதிலிருந்து போனில் கலர் கலராகக் கல் அடுக்கிக்கொண்டே வருகிறீர்களே, அந்த கேம் உங்கள் பெயரில் இருக்கிறதா, இல்லை வீட்டில் வேறு யார் பெயரிலாவது இருக்கிறதா?

தெரியாதா? சரி, விடுங்கள். யாருக்கும் தெரிவதில்லை. நான் முப்பத்து நாலு வருஷம் சங்கரன்கோவிலில் பத்திரம் எழுதியவன். பால்வண்ணம் என்று ரிஜிஸ்டர் ஆபீஸ் பக்கம் கேட்டால் சொல்வார்கள். இரண்டு வருஷத்துக்கு முன்னால் முழங்கால் மக்கர் செய்ய ஆரம்பித்ததும் லைசென்ஸை ஒப்படைத்துவிட்டேன். ஆனால் எதைப் பார்த்தாலும் யார் பெயரில் இருக்கிறது என்று கேட்கிற புத்தி மட்டும் போகவில்லை. பெண் பார்க்கப் போன இடத்தில் நாற்காலியைக் காட்டி ‘இது பொதுவா, தனியா’ என்று கேட்டவன் நான் என்று என் மனைவி செண்பகம் இன்றைக்கும் சொல்லிக் காட்டுவாள். நான் அப்படிக் கேட்கவே இல்லை. கேட்டது கிணற்றைப் பற்றி.

ராஜபாளையத்தில் சம்பந்தி வீட்டுக்குப் போய்விட்டு வருகிறேன். முகத்தைப் பார்த்துவிட்டு ஏதாவது சண்டையா என்று நினைக்காதீர்கள். சண்டை இல்லை. ஒரு கேம் விஷயம். லாரி ஓட்டுகிற கேம். சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். எனக்கு அறுபத்தொன்று, சம்பந்திக்கு அறுபத்தைந்து. சிரிக்க வேண்டியதுதான்.

என் மகள் கோமதியைக் கட்டியிருக்கிற மாப்பிள்ளை கண்ணபிரானுக்கு ஓசூரில் கம்பெனி வேலை. தங்கமான மனிதர். காலேஜ் நாளிலிருந்தே கம்ப்யூட்டர் கேமாக வாங்கிச் சேர்த்து வைத்திருக்கிறார். சேர்த்து வைத்திருக்கிறார் என்றால் பெட்டியில் இல்லை, அலமாரியில் இல்லை, எங்கேயோ ஆகாயத்தில் இருக்கிறது. அதற்கு லைப்ரரி என்று பெயர். அந்த லைப்ரரியில் குடும்பம் என்று ஒரு ஏற்பாடு உண்டு. அதில் சேர்த்துக்கொண்டவர்கள் அவரவர் வீட்டில் உட்கார்ந்தபடியே எந்த கேமையும் எடுத்து விளையாடலாம். மாப்பிள்ளை முதலில் தன் அப்பாவைச் சேர்த்தார். “எங்கப்பாவும் சும்மாதான இருக்காங்க” என்று மகள் என்னையும் சேர்த்துவிட்டாள். இரண்டு வீட்டுக்கும் ஆளுக்கொரு பழைய லேப்டாப், ஒரு பிளாஸ்டிக் ஸ்டியரிங்.

முதல் நாளே திரையில் நீளமாக ஒரு இங்கிலீஷ் பத்திரம் வந்து நின்றது. அடியில் சம்மதம் என்று ஒரு பொத்தான். “மாமா, அதை அமுக்கிட்டுப் போய்க்கிட்டே இருங்க” என்றார் மாப்பிள்ளை. வாசிக்காமல் சம்மதமா? நானா? டிக்‌ஷனரியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு இரண்டு நாள் வாசித்தேன். இங்கிலீஷாக இருந்தால் என்ன, பத்திரம் பத்திரம்தான். முடித்துவிட்டு ஓசூருக்குப் போன் போட்டேன்.

“மாப்பிள்ளை, மனசைத் திடப்படுத்திக்கிடுங்க. உங்க பேர்ல ஒண்ணுமே இல்ல.”

“என்ன மாமா சொல்றீங்க?”

“இது கிரயம் இல்ல. வெறும் அனுபவ பாத்தியம். கம்பெனிக்காரங்க இருக்கச் சொல்லுத வரைக்கும் விளையாடிக்கிடலாம். விக்க முடியாது, தானம் குடுக்க முடியாது, உயில் எழுத முடியாது.”

“சரி மாமா. விளையாடலாம்ல?”

இந்தக் காலத்து ஆட்களுக்கு அது போதும். எங்க மாமாவைத் தவிர உலகத்தில் ஒருத்தரும் அதை முழுசாக வாசித்ததில்லை என்று தன் ஆபீஸ் முழுக்கச் சொல்லியிருக்கிறார். பெருமையாகத்தானே சொல்லியிருப்பார்? செண்பகம் அது வேறு மாதிரி என்கிறாள்.

சம்பந்தி பெயர் சுந்தரமகாலிங்கம். முப்பத்தொரு வருஷம் அரசு பஸ் ஓட்டியவர், பெரும்பாலும் மதுரை ரூட். அவர் மனைவி, அந்த அம்மா தவறி எட்டு வருஷம் ஆகிறது. ஒற்றை ஆள். சமையல், துணி, எல்லாம் அவரே. கல்யாணத்தன்று நாங்கள் இருவரும் பேசியது மொத்தமே, “சாப்பிட்டீங்களா?” “ஆச்சு. நீங்க?” அடுத்த இரண்டு வருஷத்தை அதை வைத்தே ஓட்டினோம். பெண் வீடு, மாப்பிள்ளை வீடு என்றால் அப்படித்தானே சார். ஒரு வார்த்தை கூடினால் அதற்கு அர்த்தம் பார்ப்பார்கள். ஒரு வார்த்தை குறைந்தால் அதற்கும் பார்ப்பார்கள்.

நூற்றுச் சொச்சம் கேமில் எங்கள் இரண்டு பேருக்கும் பிடித்தது அந்த லாரி ஒன்றுதான். வெளிநாட்டு ரோட்டில் சரக்கு ஏற்றிப் போய் இன்னொரு ஊரில் இறக்க வேண்டும். யாரையும் சுட வேண்டாம், எங்கேயும் குதிக்க வேண்டாம். நான் ஜென்மத்தில் ஸ்கூட்டர்கூட ஓட்டியதில்லை. இங்கே ஸ்டியரிங்கைப் பிடித்து உட்கார்ந்தால், நாற்பது டன் கண்ணாடியை இழுத்துக்கொண்டு ஆல்ப்ஸ் மலை ஏறுகிறேன்.

ஒரு நாள் மத்தியானம் மூன்று மணி இருக்கும். லாரி திறக்கவில்லை. ‘உபயோகத்தில் உள்ளது’ என்று வருகிறது. மகளைக் கேட்டால் சிரிக்கிறாள். மாப்பிள்ளை வாங்கியது ஒரே பிரதியாம். ஒருத்தர் வண்டியில் இருந்தால் இன்னொருத்தர் ஏற முடியாதாம். இந்த ஷரத்து நான் வாசித்த பத்திரத்தில் இல்லை. வேறு ஏதோ பக்கத்தில் ஒளித்து வைத்திருக்கிறார்கள். யார் வண்டியில் இருக்கிறார் என்றால், சம்பந்தி. வேறு வழி? போன் போட்டேன்.

“அண்ணாச்சி, பால்வண்ணம் பேசுதேன். கோமு அப்பா.”

“பிள்ளைக நல்லாருக்காங்களா?” பதறிவிட்டார் மனிதர். சம்பந்தி வீட்டுப் போன் என்றால் யாரும் முதலில் அதைத்தான் நினைப்பார்கள்.

“நல்லாருக்காங்க, நல்லாருக்காங்க. நீங்க வண்டியிலயா இருக்கிய?”

“ஆமா சம்பந்தி. ஒரு மலை ஏறிக்கிட்டிருக்கேன்.”

“எப்ப இறங்குவிய?”

“சரக்கை இறக்கிட்டுச் சொல்றேன். இப்ப வச்சிருங்க, ஓட்டும்போது போன் பேசக் கூடாது.”

வைத்துவிட்டார் சார்! எனக்கு வந்ததே கோபம். ஆனால் சரியாக நாலு மணிக்குக் கூப்பிட்டார்.

“நான் இறங்கிட்டேன். நீங்க ஏறிக்கோங்க. இடது பக்கக் கண்ணாடி கொஞ்சம் ஆடுது, பாத்துக்கோங்க.”

அவர் லாரி வேறு, என் லாரி வேறு. கேம் ஒன்றுதானே தவிர, அவரவர் ஓட்டம் அவரவருக்குத் தனியாகத்தான் இருக்கும். அவர் கண்ணாடி ஆடினால் எனக்கு என்ன? அது அவருக்கும் தெரியும். ஆனால் டிப்போவில் டூட்டி மாற்றும்போது வண்டியின் குறையைச் சொல்லாமல் இறங்கிப் போனவர் இல்லையாம் அவர். நானும் “சரி அண்ணாச்சி, பாத்துக்கிடுதேன்” என்று சொல்லிவைத்தேன். கண்ணாடியைப் பார்க்கவும் பார்த்தேன். ஆடவில்லை.

அன்றிலிருந்து அது ஒரு முறையாகிவிட்டது. காலையிலிருந்து நாலு மணி வரைக்கும் அவர், நாலு மணிக்கு மேல் நான். தினம் நாலு மணிக்குப் போன். எட்டு மாதம். ஒரு நாள் தவறியதில்லை. பேச்செல்லாம் கேம் பேச்சுத்தான், வேறொன்றும் இல்லை. வண்டி நிலவரம், ரோடு நிலவரம். வலது பக்கம் ஓட்ட வேண்டிய ஊரில், முதல் வாரம் அவர் பழக்கதோஷத்தில் இடது பக்கமே ஓட்டி எதிரே வந்த அத்தனை பேரையும் முட்டிய கதை. ஊர் வந்தால் ஓரம் கட்டி நிறுத்துவார். “ஏன் அண்ணாச்சி நிறுத்துதிய, லாரியில யாரு ஏறப் போறா?” என்றால், “ஊர் வந்தா நிக்கணும்ல சம்பந்தி” என்பார். நான் மெதுவாக ஓட்டுவதைக் கேட்டுவிட்டு, “நீங்க ஓட்டுறது லாரியா, உங்க ஊர் ஆடித் தபசுத் தேரா?” என்பார். பிறகு ரசத்தில் புளி ஏன் கரைந்து நிற்காமல் அடியில் தங்குகிறது என்று கேட்பார், நான் செண்பகத்திடம் கேட்டுச் சொல்வேன். என் முழங்காலுக்கு ஒரு தைலம் சொன்னார். அந்த அம்மா ஆஸ்பத்திரியில் இருந்த கடைசி வாரம் டூட்டிக்கு லீவு கிடைக்காமல் மதுரைக்கும் ராஜபாளையத்துக்கும் ஓட்டிக்கொண்டே இருந்ததை ஒரு நாள் சொன்னார். ஆஸ்பத்திரி ரோட்டோரம்தானாம். தாண்டும்போதெல்லாம் ஒரு ஹாரன் அடிப்பாராம். அவளுக்குக் கேட்டிருக்குமா சம்பந்தி என்றார். கேட்டிருக்கும் அண்ணாச்சி, பஸ் ஹாரன் கேட்காமலா இருக்கும் என்றேன். அன்றைக்கு நான் லாரியில் ஏறும்போது ஆறு மணி. இப்படி கேம் பேச்சாகவே ஓடும்.

ஜன்னலைக் கொஞ்சம் இறக்குங்கள் சார், தூசி வருகிறது. கரிவலம்வந்தநல்லூர் இன்னும் வரவில்லையே? சரி.

இப்போது என் குறைக்கு வருகிறேன். எங்கே தப்பு நடந்தது தெரியுமா? மாப்பிள்ளையின் நல்ல மனசில். மகள் போன் பேசும்போதெல்லாம் நான் சும்மா ஒரு பேச்சுக்கு, “ஒரு வண்டியை வச்சிக்கிட்டு ரெண்டு பேர் எப்படிம்மா ஓட்டுதது? நாலு மணி வரைக்கும் காத்துக் கெடக்க வேண்டியிருக்கு” என்று சொல்லியிருப்பேன். ஒரு தடவை, இரண்டு தடவை. செண்பகம் தினமும் சொன்னேன் என்கிறாள். அவளுக்கு எதையும் கூட்டித்தான் சொல்லத் தெரியும். அதைக் கேட்ட மாப்பிள்ளை என்ன செய்தார்? என் பிறந்த நாளன்று அந்த லாரி கேமில் இன்னொரு பிரதி வாங்கி என் பெயரிலேயே அனுப்பிவிட்டார்! “இனிமே நீங்க அப்பாவுக்காகக் காத்திருக்க வேண்டாம் மாமா. எப்ப வேணும்னாலும் ஓட்டலாம்.”

சந்தோஷம் என்றேன். சொல்லத்தானே வேண்டும். அன்று காலை பதினோரு மணிக்கே ஏறினேன். சம்பந்தியும் ஓட்டிக்கொண்டிருக்கிறார், நானும் ஓட்டுகிறேன், இரண்டும் திறக்கிறது. நாலு மணி ஆனது. போனைப் பக்கத்தில் எடுத்து வைத்துக்கொண்டேன். நாலே கால். நாலரை. வரவில்லை.

வராது சார். ஏன் வரும்? டூட்டி மாற்ற வேண்டியதில்லையே.

அடுத்த நாளும் வரவில்லை. அதற்கடுத்த நாளும் இல்லை. எனக்கு மனசு ஆறவில்லை. எட்டு மாதம் பேசிய மனிதர், வண்டி தனியாக வந்ததும் ஒரு வார்த்தை இல்லை பாருங்கள். செண்பகத்திடம் சொன்னேன்.

“நீங்க ஒரு போன் போட்டாத்தான் என்ன?” என்றாள்.

“எதுக்குன்னு போடுதது?”

“சும்மாத்தான்.”

“சும்மா எப்படிப் போட முடியும்? இறங்குதவருதான் சொல்லணும், ஏறுதவன் கேக்கப்பிடாது. அதுதான் முறை. அதுவும் நாம பொண்ணு வீடு.”

“உங்களுக்கு என்ன கோட்டி பிடிச்சிருக்கா? லாரியும் இல்ல, ரோடும் இல்ல, இதுல முறை வேற!”

அவளுக்குப் புரியாது. நான் மாப்பிள்ளையைக் கூப்பிட்டு அந்த இரண்டாவது பிரதியைத் திருப்பிக் கொடுத்துவிட முடியுமா என்று நயமாகக் கேட்டேன். “ஏன் மாமா, ஓடலையா?” என்றார். ஓடுகிறது, நன்றாக ஓடுகிறது, அதுதான் கஷ்டம் என்று எப்படிச் சொல்வது? ரொம்ப நேரம் ஓட்டிவிட்டால் திருப்ப முடியாதாம்.

அந்த லைப்ரரியில் ஒரு வசதி இருக்கிறது சார். குடும்பத்தில் யார் யார் இப்போது விளையாடுகிறார்கள் என்று பெயருக்குப் பக்கத்தில் ஒரு சின்ன வெளிச்சம் காட்டும். சம்பந்தி பெயருக்குப் பக்கத்தில் பச்சையாக எரியும். அதைப் போய்ப் போய்ப் பார்க்கவெல்லாம் எனக்கு நேரம் இல்லை. லேப்டாப்பைத் திறந்தால் கண்ணில் படும், அவ்வளவுதான். காலையில் ஒரு தடவை, சாப்பிடும் முன்னால், சாப்பிட்ட பிறகு, காபிக்கு எழுந்திருக்கும்போது. எரியும். ஓட்டுகிறார், நல்லது என்று மூடிவிடுவேன். நான் ஓட்டுவது குறைந்துபோனது. முழங்கால் காரணம்.

இருபத்து மூன்று நாள் இப்படிப் போனது. இருபத்து நாலாம் நாள் வெளிச்சம் எரியவில்லை. கரண்ட் இருக்காது என்று நினைத்தேன். மறுநாளும் இல்லை. அதற்கு மறுநாளும் இல்லை. ஒற்றை ஆள் சார் அவர். அந்த மூன்றாவது நாள் சாயங்காலம் நான் சாப்பிடாமல் லேப்டாப் முன்னாலேயே உட்கார்ந்திருந்ததைச் செண்பகம் பார்த்தாள். உள்ளே போய் ஓசூருக்குப் பேசிவிட்டு வந்தாள். “அவுக நல்லாத்தான் இருக்காகளாம். கோமு காலையில பேசியிருக்கா” என்றாள்.

“நான் அதைக் கேட்டனா?” என்றேன்.

அன்றைக்கே உட்கார்ந்து ஒரு உடன்படிக்கை எழுத ஆரம்பித்தேன். இது எல்லாமே ஏற்பாடு சரியில்லாததால் வந்த குழப்பம். எழுத்தில் இல்லாத எதுவும் இப்படித்தான் ஆகும். லெட்ஜர் பேப்பரில் மூன்று பக்கம். சங்கரன்கோவில் பால்வண்ணம் ஒன்று, ராஜபாளையம் சுந்தரமகாலிங்கம் இரண்டு, ஆகிய நாம் இருவரும் மனப்பூர்வமாய்ச் சம்மதித்து எழுதிக்கொண்ட உடன்படிக்கை என்னவென்றால், மேற்படி லாரி விளையாட்டு இரண்டு பிரதியாக இருந்தபோதிலும் நம்மைப் பொறுத்தமட்டில் ஒரே பிரதி என்றே பாவிக்கப்படும். ஒருவர் அனுபவத்தில் இருக்கையில் மற்றவர் பிரவேசிக்கக் கூடாது. அனுபவம் முடித்தவர் மாலை நான்கு மணிக்கு அடுத்தவருக்கு வாய்மொழியாகத் தகவல் சொல்ல வேண்டியது. வண்டியின் குறைகளையும் சொல்ல வேண்டியது. மெசேஜ் செல்லாது. இதற்கு எவ்விதத் தாவாவும் வில்லங்கமும் நாமோ நம் வாரிசுகளோ செய்யக் கூடாது. வாரிசு என்று எழுதும்போது மாப்பிள்ளையை நினைத்துக்கொண்டேன். இன்னொரு பிரதி வாங்கினாலும் வாங்குவார்.

இதைப் போனில் வாசித்துக் காட்ட முடியுமா? கையெழுத்து வேண்டாமா? அதனால்தான் இன்றைக்குக் காலையில் கிளம்பினேன். அதற்காக மட்டும்தான். செண்பகம் ஒரு டப்பாவில் புளிக்காய்ச்சல் கொடுத்துவிட்டாள். “எல்லாத்தையும் எழுதியாச்சா? சாப்பிட்டீங்களான்னு கேக்கவும் ஒரு ஷரத்து போட்டுக்கிடுங்க” என்றாள். கேலி.

போனால், சம்பந்தி வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறார். என்னைப் பார்த்ததும் எழுந்த வேகத்தில் துண்டு கீழே விழுந்துவிட்டது. “வாங்க, வாங்க, பிள்ளைக நல்லாருக்காங்களா?” நல்லாருக்காங்க, நான் ஒரு கேம் விஷயமாக வந்தேன் என்றேன். உள்ளே லேப்டாப் மூடிக் கிடக்கிறது. மேலே ஒரு துணி வேறு போர்த்தியிருக்கிறார்.

“என்ன அண்ணாச்சி, வண்டி எடுக்கலையா?”

“மழையா இருந்துச்சு சம்பந்தி. அதான் எடுக்கல.”

ராஜபாளையத்தில் மழையே இல்லை சார். வழியெல்லாம் பார்த்துக்கொண்டுதானே போனேன், கண்மாய் வெடித்துக் கிடக்கிறது. மனிதர் பொய் சொல்கிறவர் இல்லை. வயதானால் மறதி. அப்புறம், “ரெண்டு பேரும் ஒண்ணா ஓட்டும்போது வண்டியைக் கொண்டுபோய் யார்கிட்ட விடறதுன்னு தெரியல” என்றார். கேமில் டிப்போ எங்கே இருக்கிறது என்று அவருக்கு இன்னும் பிடிபடவில்லை போலிருக்கிறது. நான் காட்டித் தருகிறேன் என்று சொல்லியிருக்கிறேன்.

பேப்பரை எடுத்துக் கொடுத்தேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, வரிக்கு வரி விரலை வைத்து வாசித்தார். மூன்று பக்கத்தையும் விடவில்லை. நடுவில் ஒரு இடத்தில் சிரித்தார். எந்த இடம் என்று தெரியவில்லை. சிரிக்கிற மாதிரி நான் எதுவும் எழுதியிருக்கவில்லை. பிறகு ஒரு இடத்தில் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டுத் திரும்ப மாட்டிக்கொண்டார். கடைசிப் பக்கத்தில் கையெழுத்துப் போடப் பேனாவைக் கொண்டுபோனவர் அப்படியே நிறுத்திவிட்டார்.

“எல்லாம் சரியா இருக்கு சம்பந்தி. ஒண்ணு மட்டும் விட்டுப்போச்சு.”

விட்டுப்போச்சா? என் டிராஃப்டிலா? மதுரை வக்கீல்கள் துருவித் துருவிப் பார்த்தும் ஒரு ஓட்டை கண்டுபிடித்ததில்லை சார்.

“என்ன விட்டுப்போச்சு அண்ணாச்சி?”

“விளையாண்டு முடிச்சவங்க கூப்பிடணும்னு எழுதியிருக்கீங்க.” பேனாவை மூடி வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். “நான் விளையாடாத அன்னிக்கு?”

மூன்று பக்கம் எழுதினேன், வாரிசு வரைக்கும் போனேன், இது தோன்றவே இல்லை. அவர் பேப்பரை என் பக்கம் நகர்த்தினார். ஒரு நல்ல எழுத்தர் என்ன செய்ய வேண்டும்? அந்தப் பக்கத்தைக் கிழித்துவிட்டுச் சுத்தமாக வேறு எழுத வேண்டும். பையில் வெள்ளைப் பேப்பர் இருந்தது, நேரமும் இருந்தது. நான் கிழிக்கவில்லை. வரிக்கு மேலே சேர்த்து எழுதிவிட்டேன். அவரும் ஓரத்தில் ஒப்பம் வைத்துவிட்டார்.

இதோ, நீங்களே பாருங்கள். இரண்டாம் பக்கம், ஏழாவது வரிக்கு மேலே. ‘விளையாடாத நாட்களிலும்’. அவர் ஒப்பம் இது, என்னுடையது இது.

எழுத்து கோணலாக இருக்கிறதே என்றுதானே பார்க்கிறீர்கள்? பஸ் ஆட்டத்தில் எழுதியது என்று நினைத்துவிடாதீர்கள் சார். அவர் வீட்டு மேஜையில் வைத்துத்தான் எழுதினேன்.